இயற்பியல் பேராசிரியர் வேலை: நெட் தேர்விலிருந்து சொந்த ஆய்வகம் வரை

எம்.எஸ்சி. இயற்பியல் முடித்து, இந்தியப் பல்கலைக்கழகம் ஒன்றில் பாடமும் ஆய்வுமாக இருக்க நினைப்பவர்களுக்கான வழி இது. சோதனை இயற்பியலை, அதிலும் திண்மநிலை இயற்பியலை மனத்தில் வைத்து எழுதியது. கோட்பாட்டுப் பக்கம் போகிறவர்கள் கடைசிப் பகுதியைத் தாண்டிவிடலாம்.

நெட்

முதல் வாசல் சிஎஸ்ஐஆர்-யுஜிசி நெட், அதாவது ஆய்வு உதவித்தொகைக்கும் உதவிப் பேராசிரியர் பணிக்கும் தகுதி தரும் தேசியத் தேர்வு. மூன்று மணி நேரம், 200 மதிப்பெண். ஏ பகுதியில் 20 கேள்விகளில் 15 (தலா 2), பி-யில் 25-இல் 20 (தலா 3.5), சி-யில் 30-இல் 20 (தலா 5) எழுதினால் போதும். தவறான விடைக்கு அந்தக் கேள்வியின் மதிப்பெண்ணில் கால் பங்கு போய்விடும். சரிபாதி மதிப்பெண் சி-யில்தான் இருக்கிறது. அப்படியிருந்தும் பொதுத் திறனறிக் கணக்குகள் நிறைந்த ஏ-யிலேயே முக்கால் மணி நேரத்தைத் தொலைப்பவர்கள் அதிகம். அதற்கு 25 நிமிடம் போதும், முடியாததை விட்டுவிட்டு நகருங்கள்.

ஜேஆர்எஃப் (இளநிலை ஆய்வு உதவித்தொகை) கிடைத்தால் மாதம் 37,000 ரூபாய், இரண்டு ஆண்டு கழித்து மதிப்பீட்டில் தேறினால் 42,000, வீட்டு வாடகைப்படி தனி. கூடவே முனைவர் படிப்பில் சேர உதவும் கேட், ஜெஸ்ட் தேர்வுகள் இரண்டையும் எழுதி வையுங்கள். சென்னை தரமணியில் உள்ள கணித அறிவியல் நிறுவனம் போன்ற இடங்களுக்கு ஜெஸ்ட் வழியாகவும் போகலாம்.

வழிகாட்டியைத் தேர்வது

நெட்டுக்கு ஓராண்டு படிக்கிறவர்கள்கூடக் கைடைத் தேட ஒரு வாரம் ஒதுக்குவதில்லை. அடுத்த ஐந்து ஆண்டு எப்படிப் போகும் என்பது இந்த முடிவில்தான் இருக்கிறது.

முதலில் ஓய்வு பெறும் தேதியைப் பாருங்கள். 2022 யுஜிசி (பல்கலைக்கழக மானியக் குழு) விதிப்படி, ஓய்வுக்கு மூன்று ஆண்டுகூட இல்லாதவர் புதிய மாணவரைச் சேர்க்க முடியாது. நான்கு ஆண்டு மீதி இருப்பவரிடம் சேர்ந்தாலும் ஆய்வேட்டின் கடைசிக் கட்டத்தில் ஆய்வக இடமும் திட்டப் பணமும் கைவிட்டுப் போகலாம். அடுத்து எண்ணிக்கை: பேராசிரியர் 8 பேர், இணைப் பேராசிரியர் 6, உதவிப் பேராசிரியர் 4 பேர் வரை வழிகாட்டலாம். இடம் காலியா என்று நேரடியாகவே கேளுங்கள்.

பிறகு அவருடைய கடைசி ஐந்து ஆண்டுக் கட்டுரைகளை வரிசையாக வைத்துப் பாருங்கள். முதல் பெயர் மாணவருடையதா? அளவீடுகள் சொந்த ஆய்வகத்தில் நடந்தனவா, அல்லது நன்றியுரையில் எப்போதும் வேறு நிறுவனங்களின் பெயர்தானா? அளக்க வேண்டிய மாதிரிப் பொடியை மட்டும் இங்கே தயாரித்து எல்லா அளவீட்டுக்கும் வெளியே அனுப்பும் குழுவில் சேர்ந்தால் ஒரு கருவியையும் பிரித்துப் பார்க்காமலே முனைவர் ஆகிவிடலாம். பின்னால் நேர்காணலில் அது தெரிந்துவிடும்.

முடிந்தால் ஆய்வகத்துக்கு ஒருமுறை போய்வாருங்கள். எக்ஸ்ஆர்டி (எக்ஸ்-கதிரால் படிக அமைப்பை அளக்கும்) கருவிக்குப் பக்கத்தில் இருக்கும் பதிவேட்டைப் புரட்டுங்கள். கடைசிப் பதிவு எட்டு மாதத்துக்கு முந்தையது என்றால் கருவி ஓடவில்லை என்று பொருள். கைடு இல்லாத நேரத்தில் மூத்த மாணவரிடம் கேட்க வேண்டியது ஒன்றே: உங்களுக்கு முன்னால் இருந்தவர் எத்தனை ஆண்டில் முடித்தார்?

போஸ்ட்டாக்

போஸ்ட்டாக் என்பது முனைவர் பட்டத்துக்குப் பிந்தைய தற்காலிக ஆய்வுப் பணி. ஆய்வேட்டைச் சமர்ப்பித்த பிறகு தேடத் தொடங்கினால் தாமதம். பத்து மாதம் முன்பே ஆய்வுக் குழுக்களுக்கு எழுதுங்கள். ஐரோப்பிய ஒன்றியத்தின் மேரி க்யூரி நிதிக்கு வழக்கமாக செப்டம்பரில் கெடு முடியும். ஜெர்மனியின் ஹம்போல்ட் நிதிக்குக் குறிப்பிட்ட கெடு கிடையாது, ஆண்டு முழுவதும் அனுப்பலாம்.

பணி நியமனம்

2018 யுஜிசி விதியில் பல்கலைக்கழக உதவிப் பேராசிரியருக்கான முதற்கட்ட மதிப்பெண் அட்டவணை இருக்கிறது. அதிகபட்சமாக இளங்கலைக்கு 15, முதுகலைக்கு 25, முனைவர் பட்டத்துக்கு 30, ஜேஆர்எஃபுடன் நெட்டுக்கு 7. கட்டுரைக்குத் தலா 2, மொத்தம் 10. ஆறாவது கட்டுரைக்கு அங்கே மதிப்பெண்ணே கிடையாது! ஆகவே ஒரே அளவீட்டை மூன்றாகக் கிழித்து மூன்று சிறு கட்டுரையாக்குவதில் லாபமில்லை. இந்த அட்டவணை நேர்காணலுக்கு அழைப்பதோடு சரி. இறுதித் தேர்வு நேர்காணலை மட்டுமே வைத்து. ஐஐடி போன்ற இடங்களுக்கு வேறு வழிமுறை.

நேர்காணலில் ஆய்வைப் பற்றித் தங்குதடையின்றிப் பேசுகிறவர்கள் கரும்பலகை முன்னால்தான் தடுமாறுகிறார்கள். ஹைட்ரஜன் அணுவின் கிளர்வு நிலைகளில் ஸ்டார்க் விளைவு ஏன் முதல் வரிசையிலேயே வருகிறது, உலோகத்தின் வெப்ப ஏற்புத்திறன் தாழ்வெப்பத்தில் ஏன் வெப்பநிலைக்கு நேர்விகிதம் என்ற அளவில் கேள்வி வரும். எம்.எஸ்சி. தாள்களை இரண்டு மாதம் சாக்பீஸ் பிடித்தே போட்டுப் பாருங்கள். ஆய்வுத் திட்டத்தில் முதல் பக்கம் முழுக்கப் பழைய வேலை இருக்கக் கூடாது. முதல் மூன்று ஆண்டில் எதை அளப்பீர்கள், எந்தக் கருவியில், அது கிடைக்காவிட்டால் என்ன மாற்று என்று எழுதுங்கள்.

தொடக்க அடிப்படைச் சம்பளம் 57,700. நேரடி நியமனத்தில் இணைப் பேராசிரியராக 8 ஆண்டு அனுபவமும் 7 கட்டுரையும் 75 ஆய்வு மதிப்பெண்ணும் வேண்டும். பேராசிரியராக 10 ஆண்டு, 10 கட்டுரை, 120.

சொந்த ஆய்வகம்

கருவிக்கு ஆர்டர் போடுவதற்கு முன்னால் அறையைத் தயார் செய்யுங்கள். பெட்டி வந்து இறங்கிய பிறகு மும்முனை மின்சாரத்துக்கு எழுதிப் போட்டால், கருவி பிரிக்கப்படாமலே உத்தரவாதக் காலத்தில் பாதி கழிந்துவிடும். விலைப்புள்ளி வாங்கும்போதே உத்தரவாதம் நிறுவிய நாளிலிருந்தா, அனுப்பிய நாளிலிருந்தா என்று எழுத்தில் கேட்டு வாங்குங்கள்.

எர்த்துக்குத் தனிக் குழி வெட்டுங்கள். நியூட்ரலுக்கும் எர்த்துக்கும் இடையே 2 வோல்ட்டுக்குக் கீழே இருக்கிறதா என்று மல்ட்டிமீட்டரில் பாருங்கள், அதுவும் மதியம் பக்கத்து அறை ஏசி எல்லாம் ஓடும்போது. லாக்-இன் (இரைச்சலிலிருந்து ஒரே அதிர்வெண் சைகையைப் பிரித்தெடுக்கும் பெருக்கி) வைத்து மின்தடை அளப்பவர்கள் மின்சார வழங்கலின் 50 ஹெர்ட்ஸையும் அதன் மடங்குகளையும் தவிர்த்து 13, 17 ஹெர்ட்ஸ் போன்ற அதிர்வெண்ணை வைத்துக்கொள்வது வழக்கம். ஒளியியல் மேசை தரைத்தளத்தில் இருக்கட்டும். மாடியில் போட்டால் படிக்கட்டில் ஆள் ஏறுவதுகூடக் குறுக்கீட்டு வரிகளில் தெரியும்.

எக்ஸ்ஆர்டி வாங்கினால் அணுசக்தி ஒழுங்குமுறை வாரியத்தில் பதிவு வேண்டும். அதற்கான படிவங்களை விலைப்புள்ளி கேட்கும் அன்றே தொடங்குங்கள். டாலர் விலையில் வாங்குவதற்குப் பட்ஜெட்டில் குறைந்தது 10 விழுக்காடு கூட்டி வையுங்கள். ஒப்புதலுக்கும் பணம் கட்டுவதற்கும் இடையே ரூபாய் சரிந்தால், முதலில் வெட்டுப்படுவது சில்லர்தான், அதாவது கருவியைக் குளிர்விக்கும் நீர்ச்சுற்று இயந்திரம். சில்லர் இல்லாமல் எக்ஸ்-கதிர்க் குழாயை ஏற்ற முடியாது.