51 நாள் தாமதம் 12 ஆனது

வாய்க்கால் வழக்கில் தீர்ப்பு எதிராக வந்தது. மாவட்ட நீதிமன்றத்தில் மேல்முறையீட்டுக்குக் கெடு 30 நாள். நான் போட்டது 81-ஆம் நாள். தாமத மன்னிப்பு மனுவில் '51 நாள், உடல்நலக் குறைவு' என்று எழுதினோம். திருப்பி அனுப்பிவிட்டார்கள். மருத்துவச் சான்றைச் சேர்த்துப் போட்டோம், மறுபடியும் திரும்பியது. பத்து நாள் வீண்.

கடைசியில் கண்ணில் பட்டது தீர்ப்பு நகலின் பின்பக்க முத்திரை. நகல் கேட்டு மனுப் போட்ட தேதி, நகல் தயாரான தேதி எல்லாம் அதில் இருக்கிறது. யார் திருப்பிப் பார்க்கிறார்கள்! இடையில் 39 நாள். காலவரையறைச் சட்டம் 1963, பிரிவு 12-இன்படி அது கணக்கில் சேராது. ஆக உண்மைத் தாமதம் 12 நாள்தான்.

அந்த 12 நாளுக்கு மட்டும் அதே சட்டத்தின் பிரிவு 5-இன் கீழ் புது மன்னிப்பு மனு, மருத்துவமனைத் தேதிகளோடு பிரமாணப் பத்திரம். எதிர்த்தரப்பு ஆட்சேபித்தும் அனுமதி கிடைத்தது. அப்பாடா. மேல்முறையீடு பதிவாகி எண் விழுந்துவிட்டது.