ஜுன்ஹோன்னா என்ன அர்த்தம்? கொரியன் பேர்ல நாம பண்ற தப்புங்க

ஜுன்ஹோங்கற பேருக்கு அர்த்தம் தேடுனா ஒரு எடத்துல திறமைசாலின்னு இருக்கும், இன்னொரு எடத்துல வானம்னு இருக்கும், நாமளும் அதுல ஒண்ண எடுத்து பிடிச்ச ஹீரோ போட்டோக்கு கீழ போட்டுடறோம். இருக்கறதுலயே பெரிய தப்பு இதுதாங்க. ஜுன்ஹோங்கறது உச்சரிப்பு மட்டும்தான், அர்த்தம் அந்தப் பேருக்குன்னு வீட்ல தேர்ந்தெடுத்த சீன எழுத்துல இருக்கு, கொரியாவுல அத ஹான்ஜான்னு சொல்வாங்க. "ஜுன்"னு படிக்கற எழுத்தே நெறய. ஒண்ணுக்கு திறமையில உசந்தவன்னு அர்த்தம், ஒண்ணுக்கு நல்ல ஜாதிக்குதிரை, ஒண்ணுக்கு செங்குத்தா ஒசந்து நிக்கறது. "ஹோ"வும் அப்டிதான், விரிஞ்ச வானமா இருக்கலாம், பரந்து கெடக்கற தண்ணியா இருக்கலாம், புலியா கூட இருக்கலாம். 2020ல ஆஸ்கார் வாங்குன டைரக்டர் போங் ஜுன்ஹோ பேர்ல இருக்கறது திறமையும் வானமும். அதே பேர் வச்ச இன்னொருத்தருக்கு குதிரையும் புலியுமா இருந்தா அது வேற பேருதான். எழுத்து என்னன்னு பாக்காம அர்த்தம் சொல்லாதீங்க ப்ளீஸ்.

அடுத்தது ஸ்பெல்லிங். 2000ல கொரிய அரசு கொண்டுவந்த முறைப்படி இங்கிலீஷ்ல ஜே யூ என்னுதான் வரணும், ஆனா சொந்தப் பேர அவங்கவங்க இஷ்டப்படி எழுதிக்கறாங்க, போங் ஜுன்ஹோவே ரெண்டு ஓ போட்டுதான் எழுதறாரு. பழைய முறையில சி ஹெச்னு ஆரம்பிக்கும், ஏன்னா பேர் ஆரம்பத்துல அந்த சத்தம் ஜ-வுக்கும் ச-வுக்கும் நடுவுல நிக்கும். மூணும் ஒரே பேருதான். அந்த ரெண்டு ஓ-வ பாத்துட்டு தமிழ்ல "ஜூன்"னு நெடில்ல எழுதுனா படிக்கறவங்களுக்கு மாசம்தான் ஞாபகம் வரும், ஜுன்ஹோன்னு குறில்ல எழுதறதுதான் சரின்னு நான் நெனைக்கறேன். வேகமா பேசும்போது நடுவுல ஹ தேஞ்சு "ஜுனோ" மாதிரி கேக்கும், அத அப்டியே எழுதிடாதீங்க. ஜின்ஹோ வேற பேரு, அதையும் இதையும் குழப்பிக்காதீங்க.

இங்கிலீஷ்ல ஜுன், ஹோ ரெண்டுக்கும் நடுவுல எடம் விட்டு எழுதிருந்தா ஹோ-வ குடும்பப் பேருன்னு நெனச்சுக்கறவங்களும் இருக்காங்க. போங் ஜுன்ஹோங்கறதுல குடும்பப் பேரு மொதல்ல வர்ற போங் தான், ஜுன்ஹோ ரெண்டும் சேந்து ஒரே பேரு. சில குடும்பத்துல ஒரே தலைமுறையில பொறந்த அண்ணன் தம்பி, பெரியப்பா சித்தப்பா பசங்க எல்லாருக்கும் ஒரு அசை பொதுவா இருக்கும், அந்த அசை ஹோவா இருந்தா, அங்க போய் வெறும் ஹோன்னு கூப்ட்டா யாருன்னே தெரியாது.

டிராமால "ஜுன்ஹோயா"ன்னு கூப்புடுவாங்கல்ல, அந்த "யா" பேர்ல சேராது, ஃப்ரெண்ட்ஸையும் சின்னவங்களையும் கூப்புட்றதுக்கு சேக்கறது. வயசுல பெரியவங்கள அப்டி கூப்ட்டா மரியாதக் கொறச்சல். மரியாதைக்கு "ஷி" சேக்கலாம், ஆனா அதுவும் ஜுன்ஹோஷி, இல்ல முழுப் பேரோட கிம் ஜுன்ஹோஷி. வெறும் குடும்பப் பேரோட சேத்து கிம்ஷின்னு சொன்னா கேக்கறவங்களுக்கு எளக்காரமா படும்.