சிம்ஸ் 4: குழந்தையை அழிக்காமல் வேறு வீட்டுக்கு அனுப்பலாம்

கற்பனைக் குடும்பங்களை உருவாக்கி வாழவைக்கும் சிம்ஸ் 4 வீடியோ விளையாட்டில் ஒரு குடும்பத்துக்கு எட்டுப் பேர்தான். இரட்டைக் குழந்தை பிறந்து வீடு நிரம்பிவிட்டதா? கேரக்டர் உருவாக்கும் திரையில் குழந்தையை நீக்காதீர்கள், போனது போனதுதான்.

முதலில் 'சேவ் ஆஸ்' கொடுத்து நகல் வைத்துக்கொள்ளுங்கள். அப்புறம் குடும்பங்களை நிர்வகிக்கும் 'மேனேஜ் ஹவுஸ்ஹோல்ட்ஸ்' பகுதியைத் திறந்து, உங்கள் குடும்பத்தைத் தேர்ந்தெடுத்து, ஆட்களை இடம் மாற்றும் திரைக்குப் போங்கள். இடப்பக்கம் உங்கள் குடும்பம், வலப்பக்கம் போகப்போகும் வீடு. குழந்தையின் படத்தைத் தொட்டு, நடுவிலுள்ள அம்புக்குறியை அழுத்தினால் சரி.

குழந்தையைத் தனியாகக் குடிவைக்க முடியாது, பெரியவர் ஒருவராவது வேண்டும். பாட்டி வீடோ சித்தி வீடோ இருந்தால் அங்கேயே அனுப்புங்கள். உறவுமுறை அறுந்துபோகாது.