மணல் அபராதம்: தவணை கிடைத்த பிறகும் தோப்பை இழப்பது எப்படி

பாலக்காடு மாவட்டம் கொழிஞ்சாம்பாறை, வண்ணாமடைப் பக்கமிருந்து மணல் வழக்கோடு வருகிறவர்களுக்கு மனு தயார் செய்வது என் வேலை. புதிதாக வருகிறவர்களும் முன்பு வந்தவர்கள் செய்த அதே தவறுகளைத்தான் செய்கிறார்கள். நோட்டீசை வாங்க மறுக்காதே, வண்டியை ஒளித்து வைக்காதே என்பதெல்லாம் எல்லாருக்கும் தெரியும், விட்டுவிடுகிறேன். சித்தூர்ப்புழையில் மணல் அள்ளியதற்கு அபராதம் போட்டது தப்பு என்று சொல்லவும் வரவில்லை. அந்தப் புழையை நம்பித்தான் இங்கே கிணறும் வயலும் இருக்கின்றன. ஆனால் கட்டத் தயாராக இருக்கிறவன் தோப்பை இழப்பதைப் பார்க்கச் சகிக்கவில்லை.

எந்தப் பணம் என்று தெரியாமல் தவணை கேட்பது

மூன்று பணம் உண்டு. 2001-ஆம் வருடத்து கேரள ஆற்று மணல் சட்டப்படி குற்ற வழக்கில் மாஜிஸ்திரேட் போடும் அபராதம் ஒன்று. பிடித்த வண்டியை விடுவிக்க ஆற்று மேலாண்மை நிதிக்குக் கட்டச் சொல்வது இன்னொன்று. கட்டாத தொகை 1968-ஆம் வருடத்து ரெவின்யூ ரிக்கவரி சட்டத்தில் (அரசு பாக்கியைச் சொத்திலிருந்து வசூலிக்கும் சட்டம்) தாசில்தார் கைக்குப் போய் ஜப்தி நோட்டீசாக வருவது மூன்றாவது. மாஜிஸ்திரேட் அபராதம் மட்டும் விதித்து, கட்டாவிட்டால் ஜெயில் என்று சொல்லியிருந்தால், பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா (பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்துக்குப் பதில் வந்தது) 464-ஆம் பிரிவில் இரண்டு மூன்று தவணைதான் கிடைக்கும், முதல் தவணை 30 நாளுக்குள். நீண்ட மாதத் தவணை கேட்டு எர்ணாகுளம் ஹைகோர்ட்டில் ரிட் மனு போடுவது பெரும்பாலும் மூன்றாவது பணத்துக்குத்தான். ஒன்றைக் கட்டினால் மற்றது தீராது.

நகல் கைக்கு வரட்டும் என்று காத்திருப்பது

எனக்கு இன்றும் ஆத்திரம் வருவது இதற்குத்தான்.

கோபாலபுரம் பக்கம் ஒரு டிப்பர்காரர். பத்து தவணை, முதல் தவணை அடுத்த மாதம் 10-ஆம் தேதிக்குள் என்று தீர்ப்பு. பணம் பீரோவில் தயாராக இருந்தது. முத்திரை வைத்த நகல் வந்தபின் போகலாம் என்று உட்கார்ந்திருந்தார். நகல் வந்தது 13-ஆம் தேதி. மறுநாளே நகலும் பணக்கட்டுமாகத் தாலுகா ஆபீசில் போய் நின்றார். அங்கே இருந்தவர் தீர்ப்பின் கடைசிப் பத்தியில் விரலை வைத்தார்: ஒரு தவணை தவறினாலும் இந்தச் சலுகை போய்விடும், மீதி முழுவதையும் வசூலிக்க மேல்நடவடிக்கை தொடரலாம். தோப்பில் மறுபடி நோட்டீஸ் ஒட்டினார்கள். வீட்டுக்காரியின் நகை அடகுக்குப் போனது.

அந்தக் கடைசிப் பத்தி ஏறக்குறைய எல்லாத் தவணைத் தீர்ப்பிலும் இருக்கும். ‘அடுத்த மாதம் ரெண்டையும் சேர்த்துக் கட்டிடறேன் சார்’ என்று சொன்னால் தாசில்தார் தலையாட்டலாம், ஆனால் கோர்ட் வைத்த கெடுவை நீட்ட அவருக்கு அதிகாரமில்லை. கோர்ட்தான் நீட்ட வேண்டும்.

செய்ய வேண்டியது இது. தீர்ப்பு ஹைகோர்ட் இணையதளத்தில் ஏறியதும் பிரதி எடுங்கள். ரிட் மனு நகலையும் சேர்த்துத் தாலுகா ஆபீசில் கொடுத்து, கொடுத்ததற்கு ஒப்புதல் வாங்குங்கள், அன்றே தவணையையும் கட்டப் பாருங்கள். வாங்க மறுத்தால், பணத்தோடு வந்தேன், வாங்கவில்லை என்று தேதி போட்டு ஒப்புதல் அட்டையோடு பதிவுத் தபால் அனுப்புங்கள். இடையில் பணம் புரளவில்லையா? கெடு முடிவதற்கு முன்பே வக்கீலிடம் ஓடி, கால நீட்டிப்பு மனு போடுங்கள். தவறிய பிறகு போடும் மனுவுக்கும் முன்கூட்டிப் போடுவதற்கும் மலைக்கும் மடுவுக்கும் உள்ள வித்தியாசம்.

நோட்டீஸ் மலையாளத்தில் வரும், தீர்ப்பு இங்கிலீஷில் வரும். கடைசிப் பத்தியைத் தமிழில் வாய்விட்டுப் படித்துச் சொல்லும்வரை வக்கீலை விடாதீர்கள். கூச்சம் வேண்டாம்.

தொகையே தப்பு என்றால்

முதலில் அதை எதிர்த்து மனு. தவணை கேட்டு வாங்கிவிட்டு, அள்ளிய அளவு இவ்வளவு இல்லை என்று பிறகு வாதாடினால் எடுபடுவது கஷ்டம்.

புரோக்கர் கையில் பணம்

கொடுக்காதீர்கள்.

கௌரவம் பார்த்துத் தவணை எண்ணிக்கையைக் குறைத்துக் கேட்பது

வேண்டாம். மாசம் எவ்வளவு முடியுமோ அதைச் சொல்லிக் கேளுங்கள்.

அசலை மட்டும் தவணைகளாக வகுத்துக் கணக்குப் போடுவது

வட்டியும் வசூல் செலவும் தனியாக ஓடிக்கொண்டிருக்கும். பாக்கி எவ்வளவு என்று தாலுகா ஆபீசில் எழுத்தில் கேளுங்கள். கடைசி ரசீதோடு நிற்காமல் ஜப்தி நீக்கிய உத்தரவையும் வாங்குங்கள். அது சப் ரிஜிஸ்ட்ரார் ஆபீசுக்குப் போய்ச் சேர்ந்ததா என்று வில்லங்கச் சான்று எடுத்துப் பார்த்துவிடுங்கள்.