ரோமச் சட்டத் தொகுப்பைக் கடைசியிலிருந்து படியுங்கள்

கி.பி. 438-இல் வெளியான, ரோமப் பேரரசர்களின் ஆணைகளைத் திரட்டிய தியோடோசியஸ் சட்டத் தொகுப்பில் ஒரு விஷயத்தைத் தேடினால், அந்தத் தலைப்பின் கடைசி ஆணையிலிருந்து பின்னோக்கிப் போங்கள். ஆணைகளைத் தலைப்புவாரியாகப் பிரித்து, அதற்குள் கால வரிசையில் அடுக்க வேண்டும் என்று 429-லேயே உத்தரவு. முரண்பட்டால் பிந்தியதே செல்லும். தொகுப்பின் முதல் பேரரசரான கான்ஸ்டன்டைனில் தொடங்கி எல்லாவற்றையும் மென்று விழுங்கத் தேவையில்லை. ஆணையின் தலையில் பேரரசர் பெயர், காலில் தேதி.

பேரரசர் ஜஸ்டினியன் 534-இல் வெளியிட்ட ஆணைத் தொகுப்பிலும் இதே வரிசைதான். ஆனால் இரண்டிலுமே பழைய வாசகத்தை வெட்டவும் திருத்தவும் தொகுத்தவர்களுக்கு அனுமதி இருந்தது. தேதி பழையது என்பதற்காகச் சொற்களும் பழையவை என்று நம்பிவிடாதீர்கள். அப்புறம், 533-இல் வந்த டைஜெஸ்ட் என்ற அவருடைய இன்னொரு தொகுப்பில் இந்த வழி சுத்தமாக எடுபடாது. அது சட்ட அறிஞர்களின் நூல்களிலிருந்து எடுத்த துணுக்குகள். கால வரிசை கிடையாது.