கற்பனை உலகத்தில் உப்பு என்ன விலை?

என் அக்கா மகன் மாயாஜால நாவல் ஒன்று எழுதுகிறான். முதல் மூன்று அத்தியாயங்களைப் படிக்கக் கொடுத்தான். கதாநாயகி பத்துப் பொற்காசுக்கு ஒரு குதிரை வாங்குகிறாள். அன்று மாலையே சத்திரத்தில் ஒரு கிண்ணம் கஞ்சிக்கு ஒரு பொற்காசை நீட்டுகிறாள். பத்துக் கிண்ணம் கஞ்சிக்கு ஒரு குதிரையா? லாரி புக்கிங் அலுவலகத்தில் இருபத்திரண்டு ஆண்டு பில் போட்ட எனக்கு அதற்கு மேல் கதை ஓடவில்லை. அவனை உட்காரவைத்துச் சொன்னதைத்தான் இங்கே எழுதுகிறேன்.

விலைப்பட்டியலில் தொடங்காதீர்கள். உங்கள் உலகத்தின் வரைபடத்தை விரித்து, ஒரே ஒரு சரக்கை எடுங்கள். உப்பு நல்லது. எல்லா வீட்டுக்கும் வேண்டும், எல்லா ஊரிலும் விளையாது. உப்பளம் இருக்கும் இடத்தில் புள்ளி வையுங்கள். அங்கே உப்பு கொள்ளை மலிவு.

இனி வண்டி கட்டலாம். நாங்கள் வைத்துக்கொண்ட கணக்கு இது: ஒரு ஜோடி மாடு 500 கிலோ இழுக்கும், நாளுக்கு 20 கிலோமீட்டர் போகும். மாட்டுக்குப் பத்துக் கிலோ வீதம் ஜோடிக்கு நாளொன்றுக்கு 20 கிலோ தீவனம். வழியெல்லாம் பொட்டல், புல் கிடையாது. போக ஐந்து நாள், வர ஐந்து நாள் என்றால் தீவனமே 200 கிலோ. உப்புக்கு மிஞ்சுவது 300. பத்து நாள் தூரமென்றால் மிச்சம் 100 கிலோதான். பன்னிரண்டரை நாள் தூரத்துக்கு ஒரு பிடி உப்புகூட ஏறாது. இத்தனைக்கும் வண்டிக்காரனின் சோற்று மூட்டையை இன்னும் ஏற்றவே இல்லை.

பாதி வழியில் வைக்கோல் விற்கும் ஒரு கிராமத்தை வைத்தால் கணக்கு மாறிவிடும். அந்தக் கிராமத்துக்கு எதிரி தீ வைத்தால் அதற்கு அப்பால் இருக்கும் மலைநாட்டில் உப்பு நின்றுபோகும். பையனுக்கு நான்காம் அத்தியாயம் இப்படித்தான் கிடைத்தது.

இது வெறும் கற்பனைக் கணக்கு அல்ல. கி.பி. 301இல் ரோமப் பேரரசர் டயோக்ளீஷியன் விலைகளுக்கு உச்சவரம்பு விதித்தார். 1,200 ராத்தல் (ரோம பவுண்டு) ஏற்றிய வண்டிக்கு மைலுக்கு 20 தினாரியஸ் கூலி. தினாரியஸ் என்பது ரோமக் காசு. அந்த ஆணையின் விலைகளை வைத்து ஆய்வாளர்கள் போட்ட ஒரு கணக்கில், 300 மைல் போனால் ஒரு வண்டிக் கோதுமையின் விலை இரட்டிப்பாகிவிடுகிறது. கப்பலில் செலவு மிகக் குறைவு. ஆகவே லட்சக்கணக்கானோர் வாழும் தலைநகரைப் பாலைவன நடுவில் வைக்காதீர்கள், ஆற்றோரம் கொண்டுவாருங்கள்.

தூரம் போகிற சரக்கு வேறு ஜாதி. எடை குறைவாக, விலை அதிகமாக, சீக்கிரம் கெடாததாக இருக்க வேண்டும். முதல் நூற்றாண்டு ரோமில் மிளகு ராத்தல் 4 தினாரியஸ், திப்பிலி 15 என்று ரோம எழுத்தாளர் பிளினி எழுதிவைத்திருக்கிறார். கடல் தாண்டி இங்கிருந்து போன சரக்கு அது. பையனோ மந்திர இறகை மூட்டை மூட்டையாக அனுப்புகிறான். எங்கள் அலுவலகத்தில் பஞ்சு மூட்டை வந்தால் தராசைத் தொடமாட்டோம். அது அடைக்கும் இடத்துக்குத்தான் வாடகை. இறகுக்கும் அதே விதியைப் போடச் சொன்னேன்.

காசும் ஒரு சரக்குதான். பதினான்காம் நூற்றாண்டில் இப்னு பதூதா என்ற பயணி மாலத்தீவில் ஒரு தங்க தினாருக்கு நான்கு லட்சம் சோழிகள் மாறுவதைக் கண்டார். பிறகு ஆப்பிரிக்காவின் மாலி நாட்டில் அதே தினாருக்கு 1,150. கடலில் அள்ளுகிற இடத்தில் குப்பை, அள்ள முடியாத இடத்தில் பணம். உங்கள் உலகத்து நாணயம் எங்கே விளைகிறது என்று கேளுங்கள். அந்த ஊரில் அதை வைத்துப் பெரிதாக எதுவும் வாங்க முடியாது.

புதையலிலும் கவனம் தேவை. மாலியின் மன்னர் மன்சா மூசா 1324இல் கெய்ரோவில் தங்கத்தை வாரி இறைத்ததில் அங்கே தங்கத்தின் மதிப்பே சரிந்தது. டிராகனின் குகையிலிருந்து ஒரு மலைப் பொன்னை ஊருக்குள் கொண்டுவந்தால், மறுமாதம் கஞ்சிக்கு ஒரு பொற்காசு என்பது நியாயமான விலையாகக்கூட ஆகலாம்.

இந்தக் கணக்கையெல்லாம் கதைக்குள் கொட்டாதீர்கள். சத்திரக்காரி உப்பைச் சேலை முந்தானையில் முடிந்துவைத்து, ஒரு சிட்டிகை எடுத்துக் கஞ்சியில் போட்டுவிட்டு முடிச்சை மறுபடி இறுக்கினால் போதும்.

கடைசியாகப் பையன் மடக்கப் பார்த்தான். "மாமா, சரக்கை டிராகன் முதுகில் ஏற்றிவிட்டால்?"

"அது என்ன தின்னும்?" என்றேன்.

"நாளுக்கு நாலு மாடு."

"அந்த மாட்டை யார் மேய்க்கிறார்கள், எங்கே மேய்க்கிறார்கள்?"

பேசாமல் எழுந்து போய்விட்டான். மறுநாள் காலையிலேயே போன் வந்தது. கோவேறு கழுதைக்கு நாளுக்கு எத்தனை கிலோ தீவனம் போட வேண்டும் என்று கேட்டான்.