ஜப்பானில் தைகோவும் விருந்தும்: பயணிகள் தவிர்க்க வேண்டிய தவறுகள்

ஜப்பான் போகிறவர்கள் இப்போதெல்லாம் ஃபுஜி மலை, புல்லட் ரயிலோடு இன்னும் இரண்டு ஆசைகளையும் சேர்த்துக்கொண்டு கிளம்புகிறார்கள். தைகோ முரசை ஒருமுறையாவது தன் கையால் அடித்துப் பார்க்க வேண்டும், ததாமிப் பாய் விரித்த அறையில் உட்கார்ந்து முறையான ஜப்பானியச் சாப்பாடு சாப்பிட வேண்டும். இரண்டும் காசு கொடுத்தால் கிடைப்பவைதான். ஆனால் இரண்டுக்குமான வேலை நாம் வாசலில் கால் வைப்பதற்கு வெகுநேரம் முன்பே தொடங்கிவிடுகிறது. எத்தனை பேர் வருகிறார்கள் என்று பார்த்து ஆசிரியர் முரசுகளை வட்டமாக வைத்திருப்பார். சமையல்காரர் காலையிலேயே உங்கள் பெயரில் மீனும் காயும் வாங்கியிருப்பார். இது தெரியாமல், அங்கே போய்ப் பார்த்துக்கொள்ளலாம் என்று கிளம்புவதில்தான் முக்கால்வாசித் தவறுகள் ஆரம்பமாகின்றன.

பதிவு செய்யும்போது

சுற்றுலாப் பயணிகளுக்கான தைகோ வகுப்பு பெரும்பாலும் ஒரு மணி நேரம்தான். அதற்குள் நிற்கும் நிலை, கோல் பிடிக்கும் முறை, நாலைந்து அடிகள் எல்லாம் சொல்லிக்கொடுத்து, கடைசியில் எல்லோரும் சேர்ந்து ஒரு சிறு உருப்படியை வாசிக்க வைப்பார்கள். பத்து நிமிடம் தாமதமாகப் போனால் உங்களுக்கு மட்டும் நஷ்டமில்லை, மொத்தக் குழுவும் உங்களுக்காக முதலிலிருந்து தொடங்க வேண்டியிருக்கும். உடை மாற்ற, செருப்பை அலமாரியில் வைக்க என்று நேரம் ஒதுக்கி, கொஞ்சம் முன்னதாகவே போய்விடுங்கள்.

டோக்கியோ, கியோட்டோவிலேயே வகுப்புகள் கிடைக்கின்றன. ஆர்வம் அதிகம் உள்ளவர்கள் சாடோ தீவுக்குப் போவார்கள். கோடோ என்ற தைகோ குழுவின் இருப்பிடம் அது. 1981-இல் பெர்லினில் அரங்கேறி, உலகின் பல நாடுகளுக்குத் தைகோவைக் கொண்டுபோனவர்கள். தீவின் தென்முனையில் ஓகி என்ற ஊரில் உள்ள தாதாகோகான் என்ற தைகோ மையத்தில் யார் வேண்டுமானாலும் முன்பதிவு செய்து முரசு பழகலாம். இங்கே பலர் தடுமாறுவது தூரக் கணக்கில். எதிர்க்கரையில் உள்ள நீகாத்தா நகரத்திலிருந்து கப்பல் தீவின் ரியோட்சு துறைமுகத்துக்கு வருகிறது. சாதாரணக் கப்பலில் இரண்டரை மணி நேரம், ஜெட்ஃபாயில் என்ற வேகப் படகில் ஒரு மணி நேரத்துக்குச் சற்று அதிகம். ஆனால் ரியோட்சு ஒரு பக்கம், ஓகி இன்னொரு பக்கம். காரிலேயே ஒரு மணி நேரம் ஆகும், பஸ் என்றால் இன்னும் கூடுதல். காலையில் போய் மாலையில் டோக்கியோ திரும்பிவிடலாம் என்று திட்டம் போடாதீர்கள். ஓர் இரவாவது தீவில் தங்குங்கள்.

அப்புறம், முரசு வகுப்பு முடிந்த கையோடு விருந்துக்குப் போவதாக நேரம் குறிக்காதீர்கள். ஒரு மணி நேரம் ஒழுங்காக அடித்தால் முன்கை நடுங்கும், விரல்கள் சொன்னபடி கேட்காது. வழவழவென்ற டோஃபுத் துண்டைச் சாப்ஸ்டிக்கில் எடுப்பது அந்த நேரத்தில் பெரும்பாடு. தாழ்ந்து நின்ற தொடை வலியோடு தரையில் மடித்து உட்காரவும் முடியாது. காலையில் வகுப்பு, மாலையில் விருந்து, நடுவில் ஒரு வெந்நீர்க் குளியல். என்னைக் கேட்டால் இதுதான் சரியான வரிசை.

முரசின் முன்னால்

வளையல், மோதிரம், கைக்கடிகாரம் எல்லாவற்றையும் கழற்றிப் பத்திரப்படுத்துங்கள். நீளமான சங்கிலியை உடைக்குள் விட்டுக்கொள்ளுங்கள். காலை அகட்டி நிற்க வேண்டியிருப்பதால் இறுக்கமான ஜீன்ஸ் வேண்டாம். பல இடங்களில் செருப்பு கூடாது, சாக்ஸோடு அல்லது வெறுங்காலோடு நிற்க வேண்டும்.

பெரிய தவறு பலத்தைக் காட்டுவது. முரசைப் பார்த்ததும் ஓங்கி அடிக்கத்தான் தோன்றும். ஆனால் நல்ல சத்தம் தோள்பலத்தில் வருவதில்லை. பாச்சி எனப்படும் கோலைத் தலைக்கு மேல் உயர்த்தி, அதன் எடையிலேயே விழ விட்டு, தோலின் நடுவில் பட்டதும் தானாக எழும்ப விட வேண்டும். கோலைத் தோலில் அழுத்தினால் சத்தம் அங்கேயே செத்துப்போகும். இறுக்கிப் பிடித்தால் கட்டைவிரலுக்கும் ஆள்காட்டி விரலுக்கும் நடுவில் கொப்புளம் நிச்சயம். இடது முழங்காலை மடக்கி, இடுப்பைத் தாழ்த்தி நின்றால் கைக்கு வேலை பாதியாகக் குறையும். இன்னொன்று: வலது கை உயரும் அளவுக்கு இடது கையையும் உயர்த்துங்கள். எல்லோரும் மறப்பது இதைத்தான். இரண்டு கையின் சத்தத்தையும் ஆசிரியர் தனித்தனியாகக் கேட்டுக்கொண்டுதான் இருப்பார்.

தாளத்தைத் தாளில் எழுதிவைத்துக்கொள்ள முயல்வதும் வீண்வேலை. தைகோவை வாயால்தான் கற்பார்கள். நடுவில் முழு அடி என்றால் டோன், வேகமாக இரண்டு அடி என்றால் டோகோ, விளிம்பில் தட்டினால் கா, விளிம்பில் இரண்டு என்றால் காரா, மௌனமாக விடும் இடத்துக்கு சு. மிருதங்கச் சொற்கட்டைக் காதில் வைத்து வளர்ந்தவர்களுக்கு இது ஒரு வரம். "டோன் டோன் டோகோ டோன்" என்று முதலில் வாயில் ஏற்றிக்கொண்டால் கை பின்னாலேயே வந்துவிடும். வாய்விட்டுச் சொல்லக் கூச்சப்பட்டுப் பேசாமல் நிற்பவர்கள்தான் கடைசி உருப்படியில் தடுமாறுகிறார்கள். நடுநடுவே "சோரே", "ஹா" என்று குரல் கொடுக்கச் சொல்வார்கள். அது அலங்காரத்துக்கு இல்லை. அடுத்த பகுதி வருகிறது என்று எல்லோரையும் சேர்த்துப் பிடிக்கும் சைகை அது. தயங்காமல் கத்துங்கள்.

முரசுமேல் எதையும் வைக்கக் கூடாது. தண்ணீர்ப் புட்டி, ஃபோன், கைப்பை, எதுவும். கோல்களைத் தாண்டிப் போகக் கூடாது. ஆசிரியர் சொல்லாமல் விளிம்பை அடிக்கக் கூடாது. நாகாடோ என்ற பீப்பாய் வடிவ முரசின் உடல் ஒரே மரத்தைக் குடைந்து செய்தது. கெயாக்கி மரம் என்றால் மிக உயர்ந்தது. மாட்டுத்தோலை இழுத்து, சுற்றிலும் ஆணி அடித்திருப்பார்கள். கோல் தவறி மரத்தில் விழுந்தால் பள்ளம் விழும், அதை அழிக்க முடியாது.

அந்தத் தோலுக்குப் பின்னால் ஒரு வரலாறும் இருக்கிறது. எடோ காலத்தில் (1603-1868) தோல் வேலை செய்தவர்களை ஊரிலிருந்து ஒதுக்கி வைத்திருந்தார்கள். 1871-இல் அரசாணையால் அந்த ஒதுக்கம் சட்டத்திலிருந்து நீங்கியது, சமூகத்திலிருந்து அவ்வளவு எளிதில் நீங்கவில்லை. முரசின் ஓசையைப் போற்றினார்கள், செய்தவர்களைத் தள்ளி வைத்தார்கள். ஒசாகாவில் முரசு செய்யும் பகுதியான நானிவாவின் இளைஞர்கள் 1987-இல் இக்காரி என்ற தைகோ குழுவைத் தொடங்கி, தாங்களே மேடையேறி இதைப் பேசினார்கள். பறையின் கதை தெரிந்த நமக்கு இதை யாரும் விளக்க வேண்டியதில்லை. அதனால்தான், முரசின்மேல் ஏறி உட்கார்ந்து படம் எடுத்துக்கொள்பவர்களைப் பார்த்தால் எனக்கு மனம் பொறுப்பதில்லை.

இன்னொரு தவறான எண்ணமும் உண்டு. இன்று மேடையில் பார்க்கும், பல முரசுகள் சேர்ந்து முழங்கும் பாணி ஆயிரம் வருடமாக அப்படியே வருகிறது என்று பலர் நினைக்கிறார்கள். முரசு பழையது, கோயில் திருவிழாக்களில் அதன் இடமும் பழையது. ஆனால் இந்தக் குழு வாசிப்பு, ஜாஸ் டிரம்ஸ் வாசித்துக்கொண்டிருந்த ஓகுச்சி தைஹாச்சி என்பவர் 1951-இல் நாகானோ பகுதியில் ஓசுவா தைகோ குழுவைத் தொடங்கியதிலிருந்து வளர்ந்தது. ஆகவே, கேட்கும் உருப்படிகள் பலவற்றுக்கு இயற்றியவர் உண்டு, உரிமை உண்டு. வகுப்பு முழுவதையும் வீடியோ எடுத்து இணையத்தில் போடுவதற்கு முன் கேளுங்கள். படம் எடுக்கக் கடைசியில் அவர்களே நேரம் தருவார்கள்.

தொடங்கும்போது எல்லோரும் குனிந்து "ஒனெகாய் ஷிமாசு" (தயவுசெய்து), முடிந்ததும் "அரிகாத்தோ கொசாய்மாஷிதா" (நன்றி) என்பார்கள். ஒரு நொடி நின்று, கூடச் சேர்ந்து சொல்லுங்கள்.

சைவம் என்று சொன்னால் போதாது

நம் ஊர்க்காரர்கள் அதிகம் ஏமாறுவது இங்கேதான். தட்டில் மீன் துண்டு இல்லாததால் அது சைவம் ஆகிவிடாது. ஜப்பானியச் சமையலின் அடித்தளம் தாஷி என்ற சாறு. அது பெரும்பாலும் கட்சுவோபுஷியிலிருந்து, அதாவது புகையூட்டிக் காயவைத்த சூரை வகை மீனின் சீவலிலிருந்து எடுப்பது. மிசோ சூப், ஊடோன் நூடுல்ஸின் சாறு, டெம்புரா என்ற பஜ்ஜிக்குத் தொட்டுக்கொள்ளும் சாறு, பொரித்த டோஃபுமேல் ஊற்றும் சாறு எல்லாவற்றிலும் அது இருக்கும். மேலே தூவிய சீவலை எடுத்துவிட்டால் போயிற்று என்று நினைக்காதீர்கள், சாறு உள்ளேயே இருக்கிறது. கடைகளில் கிடைக்கும் ஜப்பானியக் கறிக் குழம்பிலும் மாட்டுக் கொழுப்பு அல்லது பன்றிக் கொழுப்பு இருப்பது சகஜம்.

"வெஜிடேரியன்" என்ற சொல்லை மட்டும் நம்பாதீர்கள். இறைச்சி, மீன், மீன் சாறு, முட்டை, இவற்றில் எது எது கூடாது என்று ஒவ்வொன்றாக ஜப்பானிய மொழியில் எழுதிய சிறு அட்டை கையில் இருக்கட்டும். அதைவிட முக்கியம், பதிவு செய்யும்போதே சொல்லிவிடுவது. கைசேகி என்ற பலவகை வரிசை விருந்தில் ஒவ்வொரு கிண்ணமும் முன்கூட்டியே திட்டமிட்டது. மேசையில் உட்கார்ந்த பிறகு இது வேண்டாம், அது வேண்டாம் என்றால் மாற்றித் தர அவர்களிடம் ஒன்றும் இருக்காது. பாவம், பரிமாறுபவர் மன்னிப்புக் கேட்டுக் கேட்டே களைத்துப்போவார். மீன் சாறுக்குப் பதில் கோம்பு என்ற கடற்பாசியில் சாறு எடுக்க முடியும். ஆனால் அதற்கு ஒரு நாளாவது முன்பே தெரிய வேண்டும்.

முழுச் சைவர்களுக்கு என் பரிந்துரை ஷோஜின் ரியோரி. பௌத்த மடங்களின் சமையல் அது. மீன், இறைச்சி மட்டுமல்ல, பூண்டு, வெங்காயம்கூடச் சேர்ப்பதில்லை. வாக்கயாமா மாகாணத்தின் கொயாசான் மலையில் சுமார் 50 கோயில்களில் தங்கி இதைச் சாப்பிடலாம். எள்ளை அரைத்து, குட்ஸுக் கிழங்கு மாவோடு கிளறிச் செய்யும் கோமா டோஃபுவை அங்கே தவறவிடாதீர்கள். வாயில் வைத்ததும் எள்ளின் வாசம் மெதுவாக ஏறும். இரவு உணவு ஆறு மணிக்கெல்லாம் வந்துவிடும், ஏழு மணிக்குப் போய் நின்றால் கிடைக்காது. ரியோகான் என்ற பாரம்பரிய விடுதிகளிலும் இதே கதைதான். பதிவு செய்யும்போது இரண்டு வேளைச் சாப்பாட்டோடு சேர்த்தா, சாப்பாடு இல்லாமலா என்று பார்த்துக்கொள்ளுங்கள். ஒருவர் சாப்பாட்டை இருவர் பகிர்ந்துகொள்ளும் பழக்கம் அங்கே செல்லாது. சில உணவகங்களில் பத்து இருக்கைகூட இராது. சொல்லாமல் வராமல் இருந்தால் முழுத்தொகையும் கேட்பார்கள், அதில் நியாயமும் இருக்கிறது.

சாப்பிட உட்கார்ந்த பிறகு

ததாமியில் செருப்போ, விடுதி தரும் சப்பலோ கூடாது. கழிவறைக்கு என்று தனிச் சப்பல் உண்டு, அதோடு வெளியே வந்துவிடாதீர்கள். மண்டியிட்டு உட்கார முடியாவிட்டால் சம்மணம் போடலாம், இல்லையென்றால் நாற்காலி கேட்கலாம். எதிரில் இருப்பவர் பக்கம் காலை நீட்டாதீர்கள். சூடான ஈரத்துணி கைக்கு, முகத்துக்கு அல்ல.

இடது கையால் கிண்ணத்தைத் தொட நமக்குத் தயக்கமாக இருக்கும். அங்கே சோற்றுக் கிண்ணத்தையும் சூப்புக் கிண்ணத்தையும் இடது கையில் தூக்கிப் பிடித்துச் சாப்பிடுவதே முறை. மேசையில் வைத்துக் குனிந்து சாப்பிடுவதுதான் அழகில்லை. வெள்ளைச் சோற்றில் சோயா சாஸை ஊற்றிப் பிசைய வேண்டாம்.

சாப்ஸ்டிக்கில் இரண்டு தவறுகள் மற்றவற்றைப் போல் இல்லை. சோற்றில் செங்குத்தாகக் குத்தி நிறுத்துவது இறந்தவருக்குப் படைக்கும் முறை. ஒருவர் சாப்ஸ்டிக்கிலிருந்து இன்னொருவர் சாப்ஸ்டிக்குக்கு உணவை மாற்றுவது, தகனத்துக்குப் பிறகு உறவினர்கள் எலும்புகளை எடுத்துக் கலசத்தில் இடும் சடங்கோடு தொடர்புள்ளது. பக்கத்து மேசையில் யாருக்காவது அண்மையில் அப்படி ஒரு நாள் கடந்திருக்கலாம். பகிர வேண்டுமென்றால் சிறு தட்டில் எடுத்து வைத்து, தட்டை நகர்த்துங்கள். நக்குவது, குத்தி எடுப்பது போன்றவை சின்னச் சின்ன பிழைகள். வெளியூர்க்காரர் என்று பொறுத்துக்கொள்வார்கள்.

இசாகாயா என்ற மதுக்கூடத்தில் கேட்காமலே ஒரு சிறு கிண்ணம் வரும், பில்லில் சில நூறு யென்னும் ஏறும். ஏமாற்று வேலை அல்ல, இருக்கைக்கான வழக்கமான கட்டணம் அது. டிப்ஸ் தர வேண்டாம். வைத்துவிட்டு வந்தால் மறந்துவிட்டீர்கள் என்று பின்னாலேயே ஓடிவந்து கொடுப்பார்கள்.

வகுப்புக்கும் விருந்துக்கும் கையைக் கடிக்கிறது என்றால், ஆகஸ்ட் மாதம் போகிறவர்களுக்கு ஒரு வழி இருக்கிறது. போன் ஓதோரி என்ற தெரு ஆட்டம் ஊருக்கு ஊர் நடக்கும். நடுவில் உயர்ந்த மேடைமேல் தைகோ, சுற்றிலும் ஆட்டம், ஓரமெல்லாம் சாப்பாட்டுக் கடைகள். வட்டத்தில் யார் வேண்டுமானாலும் சேரலாம், முன்னால் ஆடுபவரைப் பார்த்து ஆடினால் போதும். மேடையில் மட்டும் யாரும் அழைக்காமல் ஏறாதீர்கள். சைவர்கள் சோயா சாஸ் தடவிச் சுட்ட சோளத்தையும் ஐஸ் சீவலையும் வாங்கிக்கொள்ளலாம். யாக்கிசோபா நூடுல்ஸில் பன்றி இறைச்சி இருக்கும்.